பெரட்டுப் பழக்கம்

அத்தியாயம் பதினொன்று

போன வாரம் லாபிர் நானாவின் ஃபோன் மணியோடு கதையை நிறுத்தியதற்காக என்னைத் திட்டி எழுதியவர்கள் கொஞ்ச நஞ்சமில்லை. "மாமியாரும் மருமகளும் ஒரே சபையில் எதிரெதிர்க் கட்சியில் உட்கார்ந்திருப்பதைக் கூடப் பொறுத்துக்கொண்டோம், ஃபோனை எடுப்பதற்கு முன் ‘தொடரும்’ போட்டதைத்தான் பொறுக்க முடியவில்லை" என்று ஒரு வாசகி எழுதியிருந்தார். நியாயமான கோபம். இந்தத் தடவை ஃபோனில் இருந்தே ஆரம்பிக்கிறேன்.

அதற்கு முன், புதிதாக வந்தவர்களுக்காக இரண்டு வார்த்தை. எல்கடுவைக்கு மேலே கருங்காலி என்ற தேயிலைத் தோட்டம். அதன் கீழ்ப்பிரிவில் கணபதியின் வீடு. அவர் மனைவி சந்திரகாந்தா, மகன் இந்திரகுமார், மருமகள் அனுஷியா. பிரதேச சபைத் தேர்தல் வந்தபோது, பெண்களுக்குக் கட்டாயம் இடம் கொடுக்க வேண்டும் என்ற சட்டத்துக்குப் பயந்து கட்சிகள் எல்லாம் பெண்களைச் சல்லடை போட்டுத் தேடின. ஒரு கட்சி மாமியாரைக் கண்டுபிடித்தது. இன்னொரு கட்சி மருமகளைக் கண்டுபிடித்தது. இரண்டு பேரும் வேண்டாம் என்றுதான் சொல்வார்கள் என நம்பியிருந்த இந்திரகுமார் ஏமாந்து போனான். கணபதி மட்டும், தன் ஓட்டு உனக்குத்தான் என்று இரண்டு பேரிடமும் தனித்தனியாகச் சொல்லிவிட்டு நிம்மதியாக இருக்கிறார்.

சபைக்குள் போக இரண்டு வாசல் உண்டு. வட்டாரத்தில் நின்று ஜெயித்துப் போவது ஒன்று. கட்சி கொடுத்த பட்டியலில் பேர் இருந்து போவது மற்றது. சந்திரகாந்தா முதல் வாசலால் போனவர். இருபது வருடத்துக்கு மேல் கொழுந்து பறித்தவர் என்பதால் கீழ்ப்பிரிவு, மேல்பிரிவு இரண்டும் அவருக்கு ஓட்டை அள்ளிப் போட்டன. அனுஷியா பட்டியல் வாசல். அவள் கலேவெலச் சந்தையில் மரக்கறிக் கடை வைத்திருப்பவரின் மகள். கல்யாணமாகித்தான் மலைக்கு வந்தாள். வந்த நாளில் இருந்து எல்கடுவையில் ஒரு ஃபோன் கடையில் வேலை. கொழுந்துக் கூடையை ஒரு நாளும் தலையில் மாட்டியதில்லை. அவளுடைய அப்பாவிடம் வெங்காயம் வாங்கிப் பழகிய லாபிர் நானாதான், "படிச்ச பொண்ணு, வாய் சுத்தம்" என்று அவள் பேரைப் பட்டியலில் போட்டவர். சபையில் எதிர்த் தரப்புக்கு அவரே தலைவர்.

இனி ஃபோன்.

"தங்கச்சி, நாளைக்கி பட்ஜெட். நம்மட ஆக்கள் பதினொரு பேரும் எதிர்த்து ‘விருத்தய்’ண்டு சொல்லோணும்" என்றார் லாபிர் நானா. "ஒராள் பிசகினாலும் மேலிடம் சும்மா ஈக்காது. கட்சியால நீக்கினா சபை ஆசனமும் போகும். பட்டியல்ல அடுத்த பேர் காத்துக்கிட்டு ஈக்கிது. பொறகு நான் சொல்லல்லண்டு நீங்க சொல்லப்படாது, அதான் நேரா சொல்றன்."

"அப்ப எங்க ரோட்டு என்னாகும், நானா?" என்றாள் அனுஷியா.

"ரோட்டுக்கு நான் எதிரி இல்ல. அந்தாள் நாக்காலிக்குத்தான் எதிரி. ரோட்ட பொறகு பாப்பம்."

அந்தாள் என்றது சபைத் தலைவரான தவிசாளரை. சபையில் இருபத்தொரு பேர். தவிசாளர் பக்கம் பத்து, லாபிர் நானா பக்கம் பதினொன்று. பத்துப் பேரை வைத்துக்கொண்டு அவர் எப்படித் தவிசாளர் ஆனார் என்றால், முதல் கூட்டத்தன்று எதிர்த் தரப்பில் ஒரு மனிதர் பஸ்ஸைத் தவறவிட்டார். இரண்டு பக்கமும் சரிசமம். குலுக்கல் சீட்டு எடுத்ததில் இவர் பேர் வந்தது. அன்றிலிருந்து எதிர்த் தரப்புக்குப் பட்ஜெட் நாள்தான் கனவு. முதல் தடவை தோற்றால் திருத்தி இரண்டாவது தடவை கொண்டுவரலாம். அதிலும் தோற்றால் தவிசாளரின் நாற்காலியே ஆட்டம் காணும்.

அந்தப் பட்ஜெட்டில் ஒரே ஒரு வரியில் இருந்தது, கருங்காலிக் கீழ்ப்பிரிவுப் பாதையைச் செப்பனிடும் செலவு.

அந்தப் பாதையைப் பற்றி எத்தனை தடவை எழுதிவிட்டேன் என்று எனக்கே கூச்சமாக இருக்கிறது. தோட்ட நிர்வாகத்தைக் கேட்டால் சபையிடம் போகச் சொல்வார்கள். சபையைக் கேட்டால் தோட்டத்துப் பாதை எங்கள் பாதை இல்லை என்பார்கள். முன்பு சட்டமே அப்படித்தான் கையைக் கட்டியிருந்தது. சட்டத்தைத் திருத்திய பிறகும் பழைய பதிலே வந்தது. மாகாண சபையிடம் முறையிடலாம் என்றால் அங்கே தேர்தல் நடந்து வருடக்கணக்காகிறது. ஆளுநர் இருக்கிறார், செயலாளர்கள் இருக்கிறார்கள், எழுந்து நின்று கேள்வி கேட்க ஓர் உறுப்பினர் இல்லை. பாராளுமன்றத்துக்குப் போனால் இது உள்ளூர் விஷயம், பிரதேச சபைக்குப் போ என்பார்கள். இப்படிச் சுற்றிச் சுற்றி நின்ற பாதையை, சபை பொறுப்பெடுக்க வேண்டும் என்று பிரேரணை கொண்டுவந்தவர் சந்திரகாந்தா. சபைக்குப் போய் அவர் கேட்ட ஒரே காரியம் அதுதான். திருத்திய பட்ஜெட் என்று ஒன்று வந்தால் முதலில் வெட்டுப்படுவது எது என்று அந்தச் சபையில் தெரியாதவர் யாரும் இல்லை.

*

மறுநாள் காலையில் மருமகளின் சேலைக் கொசுவத்தை மாமியார்தான் பிடித்துவிட்டார்.

"நேரா நில்லு புள்ள. நெளிஞ்சிக்கிட்டே இருந்தா எப்படி பின் குத்துறது?"

"போதும் அத்தே. அங்க யாரு என் கொசுவத்தப் பாக்கப் போறாங்க?"

"எதிர்க்கட்சியா இருந்தாலும் எங்க வீட்டுப் புள்ள ஒழுங்கா வந்து உக்காரணும்ல?"

அடுப்படியில் தேங்காய் ரொட்டி தட்டிக்கொண்டிருந்த இந்திரகுமார் எட்டிப் பார்த்தான். "அம்மா, கட்சி பேரு வந்திருச்சி. பீலிக்குக் கீழ போயி பேசுங்க."

இது அந்த வீட்டின் சட்டம். வீட்டுக்குக் கொஞ்சம் கீழே மலைத் தண்ணீர் விழும் பீலி இருக்கிறது. அதற்கு மேலே அரசியல் பேசக்கூடாது. தேர்தல் முடிந்த வாரத்தில், சோற்றுத் தட்டுக்கு முன்னால் இரண்டு பேரும் மைக் இல்லாமல் கூட்டம் நடத்தத் தொடங்கியபோது இந்திரகுமார் போட்ட சட்டம் அது. அந்த வீட்டில் ஏகமனதாக நிறைவேறியதும் அது ஒன்றுதான்.

அனுஷியா ரொட்டியைப் பிய்த்துப் பிய்த்துத் தட்டிலேயே வைத்தாள். சம்பலைத் தொடவில்லை. சந்திரகாந்தா அதைப் பார்த்தார்.

"நேத்து ஃபோன்ல யாருன்னு கேக்கலாமா, இல்ல அதுவும் அரசியலா?"

"அதுவும் அரசியல்தாங்க அத்தே."

"அப்ப சாப்பிடு. சாப்பாட்டுல கட்சி இல்ல."

இந்திரகுமாரின் திரீவீலரில் இரண்டு கௌரவ உறுப்பினர்களும் ஏறினார்கள். பீலியைத் தாண்டி முதல் பள்ளத்தில் வண்டி இறங்கியதும், இரண்டு பேரும் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து விழுந்து நிமிர்ந்தார்கள். போன மாதம்தான் முன் ஸ்பிரிங் மாற்றினான். அது மறுபடியும் முனகியது.

"இப்ப சொல்லு" என்றார் சந்திரகாந்தா.

அனுஷியா சொன்னாள். ஒன்றையும் மறைக்கவில்லை. முன்னால் இருந்த இந்திரகுமார் கண்ணாடியில் மனைவியைப் பார்த்தான், பிறகு அம்மாவைப் பார்த்தான், பிறகு பாதையைப் பார்ப்பதுதான் பத்திரம் என்று அதையே பார்த்தான்.

சந்திரகாந்தாவும் பாதையைத்தான் பார்த்தார். எத்தனை பேரிடம் போய்க் கெஞ்சி, எத்தனை தடவை எழுந்து நின்று, கிடைத்த பாதை அது. எவ்வளவு ஆசைப்பட்டார் என்பது அவருக்குத்தான் தெரியும். ஆனாலும் அவர் சொன்னது வேறு.

"விருத்தய்னு சொல்லிரு புள்ள. இத்தன வருசம் ரோட்டு இல்லாம இருந்திட்டோம், இன்னும் கொஞ்ச நாளைக்கு இருப்போம். ஒன் சீட்டு போனா வராது."

"உங்களுக்குக் கோவம் வராதா அத்தே?"

"வரும். வந்திட்டு போயிரும்."

அனுஷியாவுக்குக் கண் கலங்கியது. அவளுக்கு அந்த ஆசனம் பிடித்திருந்தது, அதை மறைப்பானேன். கலேவெலயில் அவள் மரக்கறிக் கடைக்காரர் மகள். தோட்டத்தில் இந்திரகுமார் சம்சாரம். அவள் பேரைச் சொல்லி, அதுவும் முன்னால் ‘கௌரவ’ போட்டுக் கூப்பிட்ட முதல் இடம் அந்தச் சபைதான். பேசக் கிடைத்தது என்னவோ குறைவு. கட்சி எழுதிக் கொடுப்பதை எழுந்து வாசிப்பாள், உட்காருவாள். அதற்கே கலேவெலயில் இருந்து அப்பா ஃபோன் எடுத்துப் பாராட்டுவார்.

சபைக் கட்டடத்துக்கு முந்திய வளைவில் இந்திரகுமார் வண்டியை நிறுத்தினான். இது வழக்கம். இரண்டு பேரும் ஒன்றாக வந்து இறங்கினால் இரண்டு கட்சிக்கும் நெஞ்சு வலிக்கும். அதனால் முறை வைத்து, ஒருவர் வண்டியில் போவார், ஒருவர் நடந்து போவார். இன்றைக்கு நடக்கும் முறை மாமியாருக்கு.

"அத்தே, நீங்க உக்காருங்க. நான் நடக்கிறேன்" என்று அனுஷியா இறங்கிவிட்டாள்.

*

சபை மண்டபத்தில் ஆசனங்கள் இரண்டு பக்கமாகப் போட்டிருக்கும். நடுவில் உயரமாகத் தவிசாளர். அவருக்குக் கீழே செயலாளர். தவிசாளர் மக்கள் அனுப்பிய ஆள், நாலு வருடத்தில் போய்விடுவார். செயலாளர் அரசாங்கம் அனுப்பிய ஆள், கணக்கும் கையெழுத்தும் அவரிடம். தவிசாளர் சத்தமாகப் பேசுவார், செயலாளர் மெதுவாகப் பேசுவார். எதிரெதிரே பார்த்துக்கொண்டு சந்திரகாந்தாவும் அனுஷியாவும் உட்கார்ந்தார்கள். மாமியார் தன் தோளைத் தொட்டுக் காட்டினார். மருமகள் புரிந்துகொண்டு, நழுவிய சேலைப் பின்னைச் சரிசெய்தாள்.

சபை நடப்பது சிங்களத்தில். மொழிபெயர்ப்பாளர் பதவி காலியாகவே இருக்கிறது, நூலகத்தில் இருந்து ஒருவரைப் பிடித்து உட்கார வைத்திருப்பார்கள். எங்கள் மாமியார், மருமகள் இரண்டு பேருக்கும் சிங்களம் தெரியும் என்பதால் அவருக்கு அங்கே நல்ல ஓய்வு.

பேச்சுகள் நடந்தன. தவிசாளர் பக்கத்தார் பட்ஜெட்டை வானளாவப் புகழ்ந்தார்கள். லாபிர் நானா எழுந்து, சந்தைக் கட்டடக் கூரை, குப்பை லொறி, எரியாத வீதி விளக்கு என்று வரிசையாகக் கிழித்தார். நல்ல பேச்சாளர், தவிசாளரே ஓரிடத்தில் சிரித்துவிட்டார். கீழ்ப்பிரிவுப் பாதையைப் பற்றி மட்டும் அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அனுஷியா அதைக் கவனித்தாள்.

பிறகு வாக்கெடுப்பு. கை உயர்த்துவதா, பேர் கூப்பிடுவதா என்ற கேள்வி வந்தது. யாரும் நழுவிவிடக் கூடாது என்று பேர் கூப்பிடக் கேட்டவர் லாபிர் நானாதான். செயலாளர் ஒவ்வொரு பேராகக் கூப்பிடுவார், ஆதரவு என்றால் ‘பக்ஷய்’, எதிர்ப்பு என்றால் ‘விருத்தய்’.

இந்த இடத்தில் முதல் கூட்டத்தன்று நடந்ததை நினைவுபடுத்த வேண்டும். தோட்டத்தில் விடிந்ததும் பெரட்டுக்களத்தில் எல்லோரும் கூடி நிற்பார்கள். கணக்கப்பிள்ளை பேர் வாசிப்பார், பேருக்குரியவர் ‘ஆமாங்க’ என்பார், பிறகுதான் மலைக்கு வேலை. இருபது வருடத்துக்கு மேல் பெரட்டில் நின்ற சந்திரகாந்தா, சபையின் முதல் நாளில் செயலாளர் வரவு எடுக்கப் பேரைச் சொன்னதும், விறைத்து எழுந்து நின்று "ஆமாங்க" என்றார். சொன்னதோடு நிற்காமல், கைப்பையின் பட்டியைக் கூடைக் கயிறு மாதிரி நெற்றிக்குத் தூக்கப் போனார். மொத்தச் சபையும் சிரித்தது. அவரும் சேர்ந்து சிரித்தார். அன்றிலிருந்து இரண்டு கட்சிக்காரர்களும் தேநீர் நேரத்தில் அவரைப் பார்த்தால் "ஆமாங்க" என்று வணக்கம் சொல்வார்கள்.

செயலாளர் வட்டாரத்தில் ஜெயித்தவர்களை முதலில் கூப்பிட்டார். சந்திரகாந்தா இந்தத் தடவை தெளிவாக "பக்ஷய்" என்றார். பட்டியல் ஆட்கள் கடைசியில். எல்லாம் எண்ணியபடியே போனது. தவிசாளர் பக்கம் பத்தும் முடிந்துவிட்டது. மிச்சம் இரண்டு பேர், இரண்டும் லாபிர் நானாவின் ஆட்கள். தவிசாளர் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தார். சந்திரகாந்தா மேசையைப் பார்த்தபடி இருந்தார். மருமகள் சொல்லப் போகும் வார்த்தையை அவளுடைய முகத்தைப் பார்த்துக் கேட்க அவருக்கு மனமில்லை.

"கரு மந்த்ரி அனுஷியா மஹத்மிய" என்று செயலாளர் கூப்பிட்டார், கௌரவ உறுப்பினர் அனுஷியா அம்மணி என்று சிங்களத்தில்.

அனுஷியா எழுந்து நின்றாள். மைக்கை அழுத்தினாள்.

"ஆமாங்க."

முதலில் யாருக்கும் ஒன்றும் ஓடவில்லை. பிறகு பின்வரிசையில் யாரோ சிரித்தார். செயலாளர் பேனையை நிறுத்தி நூலகத்துக்காரரைப் பார்த்தார். அந்த மனிதருக்கு அன்றைக்குத்தான் வேலை வந்தது.

"ஆமா என்றால், சிங்களத்தில் ஓவ் தானே?" என்று கேட்டார் செயலாளர்.

"ஓவ் மேடம்."

தவிசாளர் விழித்துக்கொண்டார். "சபை இந்தப் பட்ஜெட்டுக்கு இணங்குகிறதா என்பதுதான் கேள்வி. ஓவ் என்றால் இணக்கம். அடுத்த பேர்."

லாபிர் நானா ஒழுங்குப் பிரச்சினை என்று எழுந்தார். வாக்கெடுப்பின் நடுவே ஒழுங்குப் பிரச்சினை கிடையாது, முடிந்த பிறகு சொல்லலாம் என்றார் தவிசாளர். கடைசி ஆள் ஆத்திரத்தோடு "விருத்தய்" என்று கத்தினார். ஆதரவு பதினொன்று, எதிர்ப்பு பத்து. பட்ஜெட் நிறைவேறியது என்று அறிவித்துவிட்டு, சாப்பாட்டுக்குச் சபையை ஒத்திவைத்து, தவிசாளர் ஏறக்குறைய ஓடிப்போனார்.

அனுஷியா இன்னும் நின்றுகொண்டிருந்தாள். எதிர்ப்பக்கத்தில் சந்திரகாந்தா நிமிர்ந்து மருமகளைப் பார்த்தார். பாதை கிடைத்துவிட்டது. ஆனால் அந்தச் சந்தோஷம் நெஞ்சுக்குள் இறங்கவில்லை. பிள்ளையின் ஆசனம் போய்விட்டதே என்றுதான் முதலில் நினைத்தார்.

*

மண்டபத்துக்கு வெளியே சோற்றுப் பார்சல் கொடுக்கும் இடத்தில் அனுஷியாவைச் சுற்றி நாலைந்து பேர். எவ்வளவு வாங்கினாய் என்று கூட ஒருவர் கேட்டுவிட்டார். லாபிர் நானா கொஞ்சம் தள்ளி, கையைக் கட்டிக்கொண்டு நின்றார். முகத்தில் கோபத்தை விட வருத்தம்தான் தெரிந்தது.

சந்திரகாந்தா பார்சலைக் கையில் வைத்துக்கொண்டு கூட்டத்துக்குள் நுழைந்தார்.

"எதுக்கு புள்ளய திட்டுறீங்க? அது வேணும்னு சொல்லல. பெரட்டுப் பழக்கம்."

"என்ன பழக்கம்?"

"மொத நாளு எனக்கு வந்திச்சில்ல? நீங்க எல்லாரும் சிரிச்சீங்களே. தோட்டத்து ஆளுங்களுக்கு பேர கூப்பிட்டா அதான் வாயில வரும். படபடப்புல இன்னும் சீக்கிரம் வரும். புள்ள விருத்தய்னு சொல்லத்தான் எந்திரிச்சா. நான் அவ கூடவே இருக்கிறவ, எனக்குத் தெரியாதா?"

சொல்லும்போது அவர் மருமகளைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் சொல்லி முடித்திருக்க மாட்டார்.

சுற்றி நின்றவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். அன்றைக்குச் சிரித்தது எல்லோருக்கும் ஞாபகம் இருந்தது. எவ்வளவு வாங்கினாய் என்று கேட்டவர் தலையைச் சொறிந்தார். கட்சித் துரோகம் என்றால் கத்தலாம், வாய் தவறியதற்கு என்ன செய்வது?

லாபிர் நானா முன்னால் வந்தார். மாமியாரைப் பார்த்தார், மருமகளைப் பார்த்தார்.

"சரி. பழக்கம்தானே. நாக்கு செஞ்ச வேலைக்கி ஆளப் புடிச்சி என்னத்துக்கு ஏசுற? மேலிடத்துக்கு நான் சொல்றன். பெய்த்து சாப்பிடுங்க எல்லாரும்."

அவர் சொன்னால் சொன்னதுதான். கூட்டம் கலைந்தது. மாமியாரும் மருமகளும் ஒரே வாங்குப் பலகையில், ஆனால் இரண்டு முனையில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். அன்றைக்குப் பார்சலில் கோழி. வெள்ளிக்கிழமை என்பதால் சந்திரகாந்தா தன் கோழித் துண்டை மருமகள் பக்கம் நகர்த்தினார். அனுஷியா தன் பருப்பை நகர்த்தினாள்.

*

மாலையில் மழை விட்டிருந்தது. செய்தி அவர்களுக்கு முன்னாலேயே மலையேறிவிட்டது. பாதையில் எதிர்ப்பட்டவர்கள் எல்லாம் திரீவீலரை மறித்து, ரோட்டு வருதாமே என்று கேட்டார்கள். கொழுந்து நிறுத்துவிட்டுத் திரும்பிய பெண்கள் சந்திரகாந்தாவின் கையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. ஒருத்தி அனுஷியாவின் கன்னத்தைக் கிள்ளிவிட்டுப் போனாள். இந்திரகுமார் பள்ளத்துக்குப் பள்ளம் ஹோர்ன் அடித்தான். "சீக்கிரம் ஒன்னய மூடப் போறாங்க" என்று ஒரு குழிக்குச் சொல்லிவிட்டே இறங்கினான்.

பீலிக்குக் கீழே வந்ததும் அனுஷியா வண்டியை நிறுத்தச் சொன்னாள்.

"நீங்க போங்க. நானும் அத்தையும் நடந்து வாறோம்."

இந்திரகுமார் தலையாட்டிவிட்டுப் போனான். தான் போட்ட சட்டத்தை மற்றவர்கள் மதிப்பது அவனுக்குப் பெருமை.

"அத்தே" என்றாள் அனுஷியா. "நான் என்னைக்காவது பெரட்டுக்குப் போயிருக்கேனா?"

"இல்ல."

"கொழுந்து பறிச்சிருக்கேனா?"

"ஒனக்கு அரும்பு எது, முத்தின கரட்டு எலை எதுன்னே தெரியாதே புள்ள." சந்திரகாந்தா முகத்தைத் தண்ணீரில் கழுவினார். "அது எனக்குத் தெரியும். அவங்களுக்குத் தெரியாதில்ல?"

"எனக்காகப் பொய் சொன்னீங்க."

"நீ எனக்காகச் சீட்ட வச்சி ஆடின. நான் ஒரு பொய் சொல்லக் கூடாதா?"

"உங்களுக்காக மட்டுமில்ல அத்தே. நானும்தானே அந்த ரோட்டுல நடக்கிறேன்."

இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்தது. எத்தனையோ வாரமாக நானும் இந்தச் சிரிப்பைத்தான் எதிர்பார்த்துக்கொண்டிருந்தேன்.

அந்த நேரத்தில்தான் ஃபோன் அடித்தது. இந்தத் தடவை நான் நிறுத்தப் போவதில்லை. அனுஷியா மாமியாருக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரைப் போட்டாள்.

"தங்கச்சி, மேலிடத்துக்கு சொல்லிட்டன்" என்றார் லாபிர் நானா. "நம்பிட்டாங்க. ஆனா ஒரு வேல ஈக்கிது. அடுத்த கூட்டத்துல மொதல்ல போன கூட்டத்து அறிக்கைய உறுதிப்படுத்துவாங்க. அப்ப நீங்க எழும்பி, ‘நான் தெரியாம சொல்லிட்டன், பெரட்டுப் பழக்கம்’ண்டு சபையில சொல்லோணும். அது அறிக்கையில பதியோணும். பட்ஜெட் மாறாது, ரோட்டு ரோட்டுதான். ஆசனமும் ஒங்களுக்கே. ஒரு வார்த்ததான்."

"சொல்லலேன்னா நானா?"

"சொல்லல்லண்டா என் கையில ஒண்டும் இல்ல." பிறகு அவர் குரல் இறங்கியது. "தங்கச்சி, நான் இருவது வருசமா ஒங்கட அப்பாட கடையில வெங்காயம் வாங்குற ஆள். கலேவெலச் சந்தையில பெரட்டுக்களம் ஒண்டும் நான் கண்டதில்ல. அதயும் நான் மேலிடத்துக்கு சொல்லல்ல."

ஃபோன் வைக்கப்பட்டது.

சந்திரகாந்தா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். "நல்ல மனுசன். சொல்லிரு புள்ள. எனக்கு அன்னிக்கு எல்லாரும் சிரிச்சாங்க, என்ன கொறஞ்சி போச்சி?"

"உங்களுக்கு அது வாய் தவறி வந்திச்சி அத்தே." அனுஷியா ஃபோனைக் கைக்குள் இறுக்கிப் பிடித்திருந்தாள். "எழுதிக் குடுத்தத வாசிச்சேன், சொல்லச் சொன்னதச் சொன்னேன், இத்தன மாசமா அதான் செஞ்சேன். அந்தச் சபையில நானா தெரிஞ்சு சொன்னது இந்த ஒரு வார்த்ததான். அதையும் தெரியாம சொன்னேன்னு எப்படிச் சொல்றது?"

"சொல்லாட்டி சீட்டு போயிருமே."

"சீட்டு மட்டுமா? அத்தன பேருக்கு முன்னால நீங்க சொன்னது பொய்னு ஆயிரும். வட்டாரத்துல ஜெயிச்ச உறுப்பினரு பொய் சொன்னாங்கன்னு உங்க கட்சி கேக்காதா?"

சந்திரகாந்தா அதை நினைத்துப் பார்த்திருக்கவில்லை. மருமகளின் கையைப் பிடித்துக்கொண்டார். அடுத்த கூட்டத்துக்கு இன்னும் நாள் இருக்கிறது, அதற்குள் ஏதாவது தோன்றும் என்று இரண்டு பேரும் மெதுவாக நடக்கத் தொடங்கினார்கள். பீலியைத் தாண்டியதும் சட்டப்படி பேச்சு நின்றது.

வீட்டு வாசலில் இந்திரகுமார் கரண்டியும் கையுமாக நின்றான். சாப்பாடு ஆறிக்கொண்டிருந்தது.

"அனுஷியா" என்று கூப்பிட்டான்.

அனுஷியா நின்றாள். நிமிர்ந்தாள். பாதை முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

"ஆமாங்க."

இதில் அம்மா எதற்குப் பாதையிலேயே உட்கார்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கிறார் என்று இந்திரகுமாருக்குக் கடைசிவரை விளங்கவில்லை.